பூனைக்கு நேரத்துக்கு சாப்பாடு போடும் மெஷின்... பயமில்லாமல் 14 நாளில் பழக்குவது எப்படி?

``இன்னாடா இது, பழைய மிக்ஸி மாதிரி உறுமுது? பூனை இது பக்கத்துலயே போகாது பாரு!"

ஆட்டோமேட்டிக் ஃபீடரை வாங்கி வந்து வீட்டில் முதன்முறையா ஆன் பண்ணினப்போ அம்மா சொன்னது இது. சொன்ன மாதிரியே நடந்தது. மெஷின் `கிர்ர்ர்' என்று சுற்றி, தட்டில் `சலசல'வென ட்ரை ஃபுட் விழுந்ததும், எங்க வீட்டுப் பூனை சிட்டு ஒரே பாய்ச்சலில் பரண் மேல ஏறி உட்கார்ந்துடுச்சு. ராத்திரி வரைக்கும் இறங்கவே இல்லை. சில ஆயிரம் ரூபாய் போட்டு வாங்கின மெஷின், பூனையைப் பட்டினி போட்டதுதான் மிச்சம்.

தப்பு மெஷின் மேலயும் இல்லை, சிட்டு மேலயும் இல்லை. பெட்டியைப் பிரிச்ச அன்னிக்கே பிளக்கைச் சொருகி, ஆப்பில் டைம் செட் பண்ணிட்டு, `சாப்பிடு'ன்னு எதிர்பார்த்த என் மேலதான் தப்பு. ஃபீடர் வாங்குறது ஒரு நாள் வேலை. அதுல பெட்டைப் பழக்குறது ரெண்டு வார வேலை. அந்த ரெண்டு வாரத்தை எப்படிக் கடத்தணும், எங்கெல்லாம் சறுக்கும், எப்போ மெஷினை நம்பவே கூடாது... எல்லாத்தையும் இங்க பார்ப்போம்.

தவிட்டு பக்கெட் சத்தமும் பாவ்லோவ் நாயும்

எங்க ஊர் திருவாமாத்தூர். விழுப்புரத்திலிருந்து செஞ்சி போற வழியில, பம்பை ஆற்றங்கரையில் இருக்கும் ஊர். ஊர் பேரிலேயே மாடு இருக்கு. `ஆ' என்றால் பசு. கொம்பில்லாமல் இருந்த பசுக்கள் இங்குள்ள சிவனை வழிபட்டு கொம்பு வாங்கின என்பது அபிராமேசுவரர் கோயிலின் தல வரலாறு.

இந்த ஊர்ல மாடு வெச்சிருக்கிற யாருக்கும் `அனிமல் ட்ரெய்னிங்' பத்தி பாடம் எடுக்கத் தேவையில்லை. தவிடும் புண்ணாக்கும் கலக்கும் பக்கெட் சத்தம் `டங்'குனு கேட்டா போதும், தோட்டத்துல படுத்திருக்கிற மாடு எழுந்து நிக்கும். சாயங்காலம் `பா... பா... பா'ன்னு ஒரு குரல் கொடுத்தா எங்கிருந்தோ கோழிங்க எல்லாம் ஓடி வரும். சத்தம் முதல்ல, தீனி அடுத்தது. தினமும் அதே வரிசை. அவ்வளவுதான் சூட்சுமம்.

இதைத்தான் ரஷ்ய விஞ்ஞானி இவான் பாவ்லோவ் ஆய்வுக்கூடத்தில் நிரூபித்தார். செரிமானம் பற்றிய ஆராய்ச்சிக்காக 1904-ல் நோபல் பரிசு பெற்றவர் அவர். சாப்பாடு வரப்போகிறது என்பதற்கான அடையாளமாக ஒரு சத்தத்தைத் திரும்பத் திரும்பக் கொடுத்தால், கொஞ்ச நாளில் அந்தச் சத்தத்துக்கே நாய்க்கு எச்சில் ஊறும் என்று காட்டினார். இதில் கவனிக்க வேண்டியது வரிசை. சத்தம் முதலில், உணவு அடுத்த ஓரிரு விநாடியில். சாப்பாட்டை வெச்சுட்டு அப்புறமா சத்தம் கொடுத்தா, அந்தப் பாடம் சரியா மண்டையில ஏறாது.

ஃபீடர் மெஷினின் மோட்டார் சத்தமும் தவிட்டு பக்கெட் சத்தம் மாதிரிதான். பழகாத வரைக்கும் அது ஒரு மிரட்டல். பழகிட்டா அதுவே `வா, சாப்பிடலாம்' என்கிற அழைப்பு.

இன்னொன்று, உடம்புக் கடிகாரம். தினமும் ஒரே நேரத்தில் உணவு கொடுத்தால், அந்த நேரம் நெருங்கும்போதே எலிகள் சுறுசுறுப்பாகிவிடுவதை 1922-லேயே கர்ட் ரிக்டர் என்ற அமெரிக்க ஆய்வாளர் பதிவு செய்தார். நாய், பூனைக்கும் இதே கதைதான். வாட்ச் பார்க்கத் தெரியாத உங்க நாய், சரியா எட்டு மணிக்குத் தட்டைத் தூக்கிட்டு வந்து நிக்கறது இப்படித்தான். அதனால, ஃபீடரின் முதல் விதி `ஒரே நேரம்'. இன்னிக்கு 7 மணி, நாளைக்கு 9 மணின்னு மாத்திக்கிட்டே இருந்தா பழக்கமே வராது.

முதல்ல, உங்க பெட் என்ன சாப்பிடுது?

இந்தக் கேள்வியைக் கேட்காமலேயே மெஷின் வாங்குறவங்கதான் அதிகம். நம்ம ஊர்ல பாதி வீட்டு நாய், பூனை சாப்பிடறது தயிர் சாதம், பால் சாதம், கருவாட்டுத் தலை, மீன் குழம்புல மிச்சம். இது எதையும் ஃபீடர்ல போட முடியாது. ஈரமான சாப்பாடு மெஷினுக்குள் ஒட்டிக்கும். நம்ம வெயிலுக்கு சில மணி நேரத்தில் புளிச்சும் போயிடும். அடியில் ஐஸ் பேக் வெச்சு, மூடி சுழலும் தட்டு மாடல்கள் இருக்கு. அதிலும் ஈர உணவை சில மணி நேரத்துக்கு மேல் நம்ப முடியாது.

(போற போக்குல ஒண்ணு: குழம்பு, சாம்பார் சாதம் போடறவங்க கவனத்துக்கு... வெங்காயமும் பூண்டும் நாய், பூனை ரெண்டுக்குமே ஆகாது. ரத்த சிவப்பணுக்களை அழித்து ரத்தசோகையைக் கொண்டுவரும்.)

ஆக, ஃபீடர் வேணும்னா முதல்ல ட்ரை ஃபுட்டுக்கு மாறணும். அதையும் ஒரே நாளில் செய்யக் கூடாது, வயிற்றுப்போக்கு வரும். 7 முதல் 10 நாள் எடுத்துக்கோங்க.

முதல் 2, 3 நாள்: பழைய சாப்பாடு முக்கால் பங்கு, ட்ரை ஃபுட் கால் பங்கு.

அடுத்த 2, 3 நாள்: பாதிக்குப் பாதி.

அதற்கடுத்த 2, 3 நாள்: ட்ரை ஃபுட் முக்கால், பழையது கால்.

அப்புறம்தான் முழுசா ட்ரை ஃபுட்.

சிட்டு முதல் நாலு நாள் சாதத்தை மட்டும் நக்கிட்டு, உருண்டைகளை வரிசையா தட்டுக்கு வெளியே எடுத்துப் போட்டது. கொஞ்சம் வெந்நீர் தெளிச்சு, மீன் வேகவெச்ச தண்ணி (உப்பு, மசாலா இல்லாமல்) ரெண்டு ஸ்பூன் விட்டுக் கொடுத்ததும் வழிக்கு வந்தது. ஆனா, ஒரு எச்சரிக்கை. `பசிச்சா தானா சாப்பிடும்'னு பூனையை நாள்கணக்கில் பட்டினி போடாதீங்க. ரெண்டு, மூணு நாள் சாப்பிடாமல் இருந்தாலே, குறிப்பா குண்டான பூனைகளுக்கு, கல்லீரலில் கொழுப்பு சேர்ந்து உயிருக்கே ஆபத்தாகலாம். ஒரு நாள் முழுக்க எதையும் தொடலைன்னா பழைய சாப்பாட்டுக்குத் திரும்புங்க, டாக்டரையும் கேளுங்க.

எவ்வளவு போடணும்? ஒரு சின்ன கணக்கு

கால்நடை மருத்துவர்கள் ஒரு ஃபார்முலா வெச்சிருக்காங்க. உங்க மொபைல் கால்குலேட்டரை சயின்டிஃபிக் மோடுக்கு மாத்தி, உடல் எடையின் (கிலோவில்) 0.75 அடுக்கைக் கண்டுபிடிச்சு, 70-ஆல் பெருக்குங்க. சும்மா படுத்திருக்க ஒரு நாளைக்குத் தேவையான கலோரி அது. கருத்தடை செய்த பெரிய பூனைன்னா அதை 1.2-ஆலும், கருத்தடை செய்த பெரிய நாய்னா சுமார் 1.6-ஆலும் பெருக்கணும்.

4 கிலோ பூனைக்கு சுமார் 235 கலோரி வரும். 100 கிராமுக்கு 370 கலோரி உள்ள ட்ரை ஃபுட்னா, ஒரு நாளைக்கு 60-லிருந்து 65 கிராம். மூணு வேளையா பிரிச்சா வேளைக்கு 20 கிராம் சொச்சம். ஒரு கைப்பிடிதான்! இதே கணக்கில் 10 கிலோ நாய்க்கு சுமார் 630 கலோரி, அதாவது 170 கிராம் அளவுக்கு வரும். இது ஆரம்பக் கணக்குதான். எடை ஏறுதா, இறங்குதான்னு பார்த்து மாத்திக்கணும்.

இப்போ மெஷின் பக்கம் வருவோம். ஆப்பில் கிராம் கணக்கு இருக்காது. `1 போர்ஷன், 2 போர்ஷன்'னுதான் இருக்கும். ஒரு போர்ஷன் எத்தனை கிராம் என்பது நீங்க போடும் உருண்டையின் சைஸைப் பொறுத்து மாறும். அதனால மெஷினை 10 போர்ஷன் போடவிட்டு, மொத்தத்தையும் சமையலறைத் தராசில் எடை போட்டு 10-ஆல் வகுங்க. பாக்கெட்டில் போட்டிருந்ததைவிட எங்க மெஷின் போர்ஷனுக்கு ரெண்டு கிராம் கூடவே போட்டது. வருஷம் முழுக்க அப்படியே விட்டிருந்தா சிட்டு உருண்டு திரண்டிருக்கும்.

14 நாள் பிளான்

இதுதான் மெயின் மேட்டர். ட்ரை ஃபுட்டுக்கு மாறி முடிச்ச பிறகு ஆரம்பிங்க. தொடர்ந்து 14 நாள் வீட்டில் யாராவது ஒருத்தர் இருக்கணும்.

நாள் 1 - 3: `சும்மா ஒரு பெட்டி'

மெஷினை அது நிரந்தரமா இருக்கப்போகிற இடத்தில் வைங்க. பிளக் வேண்டாம். கழிவுத் தட்டுக்குப் பக்கத்தில், வாஷிங் மெஷின் பக்கத்தில், ஆள் நடமாடும் வழியில் வேண்டாம். ஒரு மூலை நல்லது. சாப்பாட்டை வழக்கம்போல கையாலயே, ஆனால் ஃபீடரில் என்ன டைம் செட் பண்ணப் போறீங்களோ அதே நேரத்துக்குப் போடுங்க. தட்டை மெஷினிலிருந்து நாலஞ்சு அடி தள்ளி வைங்க. பூனை தானா வந்து முகர்ந்து, கன்னத்தைத் தேய்ச்சுட்டுப் போகட்டும். தூக்கிட்டு வந்து மெஷின் முன்னாடி நிறுத்தினீங்கன்னா, கதை முடிஞ்சது.

நாள் 4 - 6: `இதுவும் ஒரு தட்டு'

இப்பவும் பிளக் வேண்டாம். மெஷினோட தட்டிலேயே கையால சாப்பாடு போடுங்க. பிளாஸ்டிக் தட்டைத் தவிர்த்து எவர்சில்வர் அல்லது பீங்கான் தட்டு உள்ள மாடலா இருந்தால் நல்லது, கழுவுறதும் சுலபம். பூனைக்கு அகலமான, ஆழம் குறைந்த தட்டு வசதி.

நாள் 7 - 9: `அந்த சத்தம்'

இதுதான் கஷ்டமான கட்டம். மெஷினை உணவில்லாமல், பக்கத்து ரூமில் வெச்சு ஓட விடுங்க. `கிர்ர்'னு கேட்ட அடுத்த விநாடி, உங்க கையிலிருந்து அதுக்கு ரொம்பப் பிடிச்ச தீனி ஒண்ணு, வேகவெச்ச கோழித் துண்டு மாதிரி. ஒரு நாளைக்கு அஞ்சாறு முறை போதும். சத்தம் கேட்டதும் உங்க கையைத் தேட ஆரம்பிச்சா, பாடம் புரிஞ்சிடுச்சுன்னு அர்த்தம். அப்புறம் கதவுக்கு வெளியே, அப்புறம் அதே ரூமில் தள்ளி, அப்புறம் பக்கத்தில்னு கொஞ்சம் கொஞ்சமா நெருங்குங்க.

காது பின்னால ஒட்டிக்கிட்டா, வால் மயிர் சிலிர்த்தா, நாய்னா வாலை இடுக்கிக்கிட்டா, கொட்டாவி விட்டு உதட்டை நக்கிக்கிட்டே இருந்தா, அதெல்லாம் பயத்தின் அடையாளம். திட்டாதீங்க. முந்தைய கட்டத்துக்குத் திரும்பிப் போங்க. பிளான் 14 நாள்னு போட்டிருக்கேன். உங்க பெட்டுக்கு அது 20 நாளா இருக்கலாம், தப்பே இல்லை.

நாள் 10 - 11: `பெட்டியிலிருந்து சாப்பாடு'

இப்போ உணவை நிரப்பி, நீங்க பக்கத்திலேயே இருந்து, சின்னச் சின்ன போர்ஷனா போடவிடுங்க. ஒரு வேளை சாப்பாட்டை நாலு தடவையா பிரிச்சு விழ வைக்கலாம். நிறைய மெஷினில் உங்க குரலைப் பதிவு செய்து ஒலிக்க விடும் வசதி இருக்கு. `சிட்டு, வாடா செல்லம்'னு நானும் ஆசையா ரெக்கார்டு பண்ணினேன். குரல் வருது, ஆளைக் காணோம்னு அது வீடு பூரா தேடிச்சு. பயந்த சுபாவமுள்ள பெட்டுக்கு குரல் வேண்டாம், மோட்டார் சத்தமே போதும்.

நாள் 12 - 13: `நான் பக்கத்து ரூம்ல'

தினமும் ஒரு வேளை மட்டும் டைமரில். நீங்க வேறு ரூமில். மற்ற வேளைகளுக்கு நீங்க பக்கத்தில் இருந்து மெஷினில் போடவிடுங்க.

நாள் 14: `முழு நாள்'

எல்லா வேளையும் டைமரில். நீங்க வீட்டில்தான் இருக்கீங்க, ஆனா தலையிடக் கூடாது. அடுத்த வாரத்தில் அரை நாள் வெளியே போய் வாங்க, அப்புறம் ஒரு முழு நாள்.

மெஷினை அடிச்சு உருட்டும் பார்ட்டிகள்!

பழகியாச்சு. இனி அடுத்த தலைவலி. மெஷினுக்குள்ள சாப்பாடு இருக்குன்னு தெரிஞ்ச பிறகு சும்மா இருக்குமா? கையை விட்டு நோண்டும், தள்ளிவிடும், நாயா இருந்தா மூடியைக் கடிச்சுத் துப்பும்.

இதுக்கும் ஒரு காரணம் இருக்கு. பத்து தடவை தட்டினதில் ஒரு தடவை ஒரே ஓர் உருண்டை விழுந்தா போதும், அது நூறு தடவை தட்டும். எப்போ கிடைக்கும்னு தெரியாத பரிசுக்குத்தான் ஈர்ப்பு அதிகம். ரீல்ஸை விடாம தள்ளிக்கிட்டே இருக்கோமே, அதே விஷயம்தான்.

அமெரிக்க உளவியலாளர் பி.எஃப்.ஸ்கின்னர் 1948-ல் வெளியிட்ட ஒரு புறா ஆய்வு இதில் சுவாரஸ்யமானது. புறாக்கள் என்ன செய்தாலும் செய்யாவிட்டாலும், குறிப்பிட்ட இடைவெளியில் தானாக உணவு வரும்படி மெஷினை அமைத்தார். கிட்டத்தட்ட நம்ம ஃபீடர்தான். ஆனால், உணவு வந்த நேரத்தில் தற்செயலா எதைச் செய்துகொண்டிருந்ததோ, அதையே புறாக்கள் திரும்பத் திரும்பச் செய்ய ஆரம்பித்தன. ஒன்று கூண்டுக்குள் வட்டமடித்தது, இன்னொன்று ஒரு மூலையில் தலையை முட்டியது. `நான் இப்படிச் செய்ததால்தான் சாப்பாடு வந்தது' என்பதுபோல!

உங்க பூனையும் மெஷினைச் சுரண்டிக்கிட்டிருக்கும்போது டைமர்படி சாப்பாடு விழுந்தால், `சுரண்டினா விழும்'னு முடிவு கட்டிடும். இதைச் சமாளிக்க...

- மூடியில் பூட்டு உள்ள, அடி கனமான மெஷினா வாங்குங்க. சுவர் மூலையில் ஒட்டி வைங்க.

- உணவு விழும் வாயில் பூனையின் கை நுழையுதான்னு வாங்குறதுக்கு முன்னாடியே பாருங்க.

- கத்துதே, சுரண்டுதேன்னு பரிதாபப்பட்டு ஆப்பில் எக்ஸ்ட்ரா போர்ஷன் தட்டாதீங்க. ஒரு தடவை தட்டினாலும் ஒரு மாசப் பயிற்சி போச்சு.

- கண்டுக்காம விட்டதும் முதல் சில நாள் சேட்டை குறையாது, கூடும். `பலிக்கலையே, இன்னும் பலமா அடிப்போம்'னு முயற்சி பண்ணும். அதைத் தாண்டிட்டா அடங்கிடும்.

இதில் நமக்கு ஒரு லாபமும் உண்டு. காலைல அஞ்சு மணிக்கு முகத்தில் ஏறி மிதிச்சு எழுப்பும் பூனை வெச்சிருக்கிறவங்களுக்குத் தெரியும். சாப்பாடு உங்ககிட்டருந்து வர்ற வரைக்கும் உங்களைத்தான் எழுப்பும். மெஷின்லருந்து வர ஆரம்பிச்சா, அது மெஷின் முன்னாடி போய் உட்காரும். நீங்க தூங்கலாம்!

ரெண்டு பெட் இருந்தா..?

ஒரு மெஷின் போதாது. பலசாலி ரெண்டு பங்கையும் தின்னும், மற்றது இளைக்கும். தனித்தனி ரூமில் ரெண்டு மெஷின், ஒரே நேரத்தில் டைமர். மைக்ரோசிப்பையோ கழுத்துப்பட்டை டேகையோ அடையாளம் கண்டு, அந்தப் பூனைக்கு மட்டும் திறக்கும் மூடி உள்ள மாடல்களும் இருக்கு. நாய் முரட்டு வேகத்தில் விழுங்கும் ரகமா இருந்தால், தட்டுக்குப் பதில் மேடு பள்ளம் உள்ள `ஸ்லோ ஃபீடர்' தட்டை வைக்கலாம்.

எறும்பு, ஈரம், 2.4 ஜிகாஹெர்ட்ஸ்

நம்ம ஊருக்கே உரிய பிரச்னைகள் சில உண்டு. முதல் எதிரி எறும்பு. அகலமான தாம்பாளத்தில் கொஞ்சம் தண்ணி ஊற்றி, நடுவில் ஒரு கல்லு மேல தட்டை வைக்கிற பழைய டெக்னிக், மின்சாரம் ஓடும் ஃபீடருக்குச் சரிப்படாது. எறும்பு மருந்தோ, சாக்பீஸோ பக்கத்திலேயே கூடாது. தட்டைத் தினமும் கழுவி, சிந்தினதை உடனே துடைச்சாலே பாதி எறும்பு குறையும்.

ரெண்டாவது, மழைக்கால ஈரம். ட்ரை ஃபுட் நமுத்துப்போய் மெஷின் வாயில் அடைச்சுக்கும், பூஞ்சையும் பிடிக்கும். பத்து நாளுக்கான உணவை ஒட்டுமொத்தமா கொட்டாம, மூணு நாளுக்கு மட்டும் நிரப்புங்க. மூடியில் ஈரம் உறிஞ்சும் சிலிகா பைக்கு இடம் இருந்தால், அதை மாசம் ஒரு முறை மாத்துங்க.

மூணாவது, வைஃபை. பெரும்பாலான ஃபீடர்கள் 2.4 ஜிகாஹெர்ட்ஸ் வைஃபையில் மட்டுமே சேரும். 5 ஜிகாஹெர்ட்ஸில் முயற்சி செய்துட்டு `மெஷின் ரிப்பேர்'னு திருப்பி அனுப்பிடாதீங்க.

அப்புறம், தண்ணீர். ட்ரை ஃபுட்டில் ஈரம் 10 சதவிகிதம் சொச்சம்தான். அதனால தாகம் கூடும். கிலோவுக்கு சுமார் 50 மில்லி கணக்கில், 4 கிலோ பூனைக்கு ஒரு நாளைக்கு 200 மில்லி தண்ணீர் தேவை. வீட்டில் ரெண்டு, மூணு இடத்தில் கிண்ணம் வைங்க. ஒண்ணு கவிழ்ந்தாலும் இன்னொண்ணு இருக்கும்.

ஃபெஞ்சல் கத்துக்கொடுத்த பாடம்

இதுவரைக்கும் சொன்னது எல்லாம் நான் சரியா செஞ்சது. இனி சொல்லப்போறது, சொதப்பினது.

2024, நவம்பர் 30 சனிக்கிழமை. ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி பக்கத்தில் கரையைக் கடந்த ராத்திரி. நான் சென்னையில். அம்மா ஒரு விசேஷத்துக்காக திண்டிவனத்தில் சொந்தக்காரங்க வீட்டில். சிட்டு மட்டும் வீட்டில். தெருநாய்ங்க துரத்தினதில் கால் அடிபட்டதிலிருந்து அதை வெளியே விடறதில்லை. `மெஷின் இருக்கே, ஒரு நாள்தானே... ஞாயிறு மத்தியானம் வந்துடலாம்'னு ரெண்டு பேரும் நிம்மதியாத்தான் இருந்தோம்.

அன்னிக்குக் கொட்டின மழை சாதாரண மழை இல்லை. ஞாயிறு காலையோடு முடிந்த 24 மணி நேரத்தில் விழுப்புரம் மாவட்டம் மயிலத்தில் மட்டும் 51 சென்டிமீட்டர். ராத்திரியே கரன்ட் போச்சு. ஆப்பைத் திறந்தா `டிவைஸ் ஆஃப்லைன்'. திண்டிவனத்திலிருந்து அம்மாவால கிளம்ப முடியலை. திங்கள்கிழமை, விக்கிரவாண்டி - முண்டியம்பாக்கம் இடையே பாலத்தைத் தொட்டுக்கிட்டு வெள்ளம் ஓடினதால ரயில்களையும் நிறுத்திட்டாங்க.

நம்ம மெஷினில் பேட்டரி போட இடம் இருந்தது. மூணு பெரிய பேட்டரி. `கரன்ட்லதான் ஓடுதே, அப்புறம் வாங்கிக்கலாம்'னு ரெண்டு மாசமா தள்ளிப்போட்டிருந்தேன். ஆக, சனிக்கிழமை ராத்திரிக்கு அப்புறம் ஓர் உருண்டைகூட விழலை.

ஞாயிறு சாயங்காலம்தான் எதிர்வீட்டுப் பெரியம்மாவுக்கு லைன் கிடைச்சது. அவங்ககிட்ட ஒரு சாவி இருந்தது. தெருவுல முட்டியளவு தண்ணியில் நடந்து போய், வீட்டைத் திறந்து, டின்னிலிருந்து ரெண்டு கைப்பிடி அள்ளிப் போட்டுட்டு, எனக்கு போன் பண்ணினாங்க.

``பாவம்டா... அடுப்பங்கரையில பால் பாத்திரத்தக்கூட உருட்டல. அந்தப் பெட்டி முன்னாடியே உட்கார்ந்துட்டு இருந்துச்சு. எப்போ விழும், எப்போ விழும்னு பார்த்துக்கிட்டே இருந்திருக்கும்போல."

பயிற்சி அவ்வளவு நல்லா பலிச்சிருந்தது. ரெண்டு வாரம் மெனக்கெட்டு `இந்தப் பெட்டியை நம்பு'ன்னு நான்தான் அதுக்குக் கத்துக்கொடுத்தேன். அது நம்பிச்சு. பெட்டி வேலை செய்யுமான்னு பார்த்துக்க வேண்டிய என் வேலையைத்தான் நான் செய்யலை.

இது நம்ம ஊர் கரன்ட்டோட பிரச்னை மட்டும் இல்லை. 2016 ஜூலையில், பெட்நெட் என்ற அமெரிக்க நிறுவனத்தின் ஸ்மார்ட் ஃபீடர்கள் சர்வர் கோளாறால் பல மணி நேரம் தடுமாறின. `கையாலேயே சாப்பாடு போட்டுவிடுங்கள்' என்று வாடிக்கையாளர்களுக்கு அந்த நிறுவனமே சொல்ல வேண்டியிருந்தது. வெளியூரில் இருந்தவர்கள் எப்படிப் போடுவார்கள்?

அன்னிலேர்ந்து எங்க வீட்டு ரூல்ஸ் இவை. நீங்களும் ஸ்கிரீன்ஷாட் எடுத்து வெச்சுக்கலாம்:

- கரன்ட், பேட்டரி ரெண்டிலும் ஓடும் மெஷின் மட்டுமே. மாசம் ஒரு முறை பிளக்கைப் பிடுங்கி, பேட்டரியில் ஒரு வேளை விழுதான்னு டெஸ்ட்.

- இன்டர்நெட் போனாலும் டைமர் மெஷினுக்குள்ளேயே சேமிக்கப்பட்டு ஓடணும். வாங்கின அன்னிக்கே ரூட்டரை ஆஃப் பண்ணிப் பார்த்துடுங்க.

- பக்கத்தில் ஒருத்தர்கிட்ட ஒரு சாவி, ஒரு டின் உணவு, டாக்டர் நம்பர்.

- மெஷின் இருந்தாலும் ஒரு நாளைக்கு ஒரு முறையாவது ஒரு மனுஷர் நேரில் வந்து பார்க்கணும். கேமராவில் பார்ப்பது கணக்கில் சேராது.

- புயல் எச்சரிக்கை வந்துட்டா மெஷினை நம்பி வீட்டைப் பூட்டக் கூடாது. பெட்டை யாரிடமாவது விட்டுட்டுப் போங்க, இல்லைன்னா பயணத்தைத் தள்ளிப்போடுங்க.

யாருக்கெல்லாம் மெஷின் வேண்டாம்?

நாலு மாசத்துக்கு உட்பட்ட குட்டிகளுக்கு வேண்டாம். அடிக்கடி கொஞ்சம் கொஞ்சமா சாப்பாடும், ஆள் துணையும் தேவைப்படும் வயசு அது. சர்க்கரை நோய்க்கு இன்சுலின் போடும் பெட்டுக்கு, சாப்பிட்டதை நேரில் பார்த்த பிறகுதான் ஊசி. அதனால மெஷினை மட்டும் நம்பக் கூடாது. உடம்பு சரியில்லாத, வயசான, ஆபரேஷன் முடிஞ்ச பெட்களுக்கும் இதே விதிதான். `சாப்பிடலை' என்பதுதான் பல நோய்களின் முதல் அறிகுறி. மெஷின் சாப்பாட்டைப் போடும், சாப்பிட்டுச்சான்னு அதுக்குத் தெரியாது.

சட்டமும் இதைத்தான் சொல்லுது. மிருகவதைத் தடுப்புச் சட்டம், 1960-ன் 11-வது பிரிவுப்படி, வளர்ப்புப் பிராணிக்குப் போதுமான உணவும் தண்ணீரும் இடமும் தராமல் விடுவது குற்றம். பொறுப்பு உரிமையாளருக்குத்தான். `மெஷின் ஓடலை சார்'னு சொல்லித் தப்பிக்க முடியாது.

எங்க ஊர்ப் பக்கத்து திருவண்ணாமலை மாவட்டத்தில் எடுத்தனூர்னு ஓர் ஊர் இருக்கு. மகேந்திரவர்ம பல்லவன் காலத்தில், 1,400 வருஷத்துக்கு முன்னாடி, மாடுகளைக் கவர வந்த கள்வரைக் கடிச்சுக் காவல் காத்த கோவிவன் என்ற நாயை, அதோட எஜமான வீரனுடன் சேர்த்து நடுகல்லில் செதுக்கி வெச்சிருக்காங்க. நாயோட பேரையும் கல்லில் வெட்டியிருக்காங்க. நம்பினவங்களுக்கு நாய் செஞ்சது அது. நம்மளை நம்பி இருக்கிறதுக்கு நாம செய்ய வேண்டியது, அதைவிட ரொம்பச் சின்ன விஷயம்தான். நேரத்துக்கு ஒரு கைப்பிடி சாப்பாடு.

சிட்டு இப்பவும் மெஷின்லதான் சாப்பிடுது. காலை 6, மதியம் 2, ராத்திரி 9. ஆனா, ராத்திரி 9 மணி சாப்பாட்டை மட்டும் அம்மா டைமரிலிருந்து எடுக்கச் சொல்லிட்டாங்க.

``எல்லாத்தையும் மெஷினே போட்டுட்டா, நான் எதுக்குடா வீட்டுக்கு வர்றேன்?"

அந்த ஒரு வேளைக்கு அம்மா டின்னைத் திறக்கும் `டக்' சத்தம் கேட்டா போதும். மெஷின் முன்னாடி இருந்து எழுந்து, அம்மா காலைச் சுத்த ஆரம்பிச்சிடும்.